ஓப்பனிங் பேலன்ஸ் இல்லாத ஒரு பாஸ்தா

கிரீம் ஊற்றிய இறால் பாஸ்தாவை எங்கள் தூத்துக்குடிக்காரர்கள் யாரும் மரியாதையாகப் பேசி நான் கேட்டதில்லை. "உப்பும் இல்ல, உறைப்பும் இல்ல, மாவுக்கஞ்சியில இறாலைத் தூக்கிப் போட்ட மாதிரி இருக்கு" என்பதுதான் பொதுவான தீர்ப்பு. கடற்கரை ஊர்க்காரர்களுக்கு இறால் என்றால் ஒன்று தொக்கு, இல்லையென்றால் புளி ஊற்றிய குழம்பு, அதுவும் இல்லையென்றால் மிளகாய்த்தூள் புரட்டிய வறுவல். மூன்றிலும் மிளகாய் இருக்கும். அதில் சமரசம் கிடையாது.

அப்படிப்பட்ட ஊரில் பிறந்து, பி.காம். படித்து, வங்கியில் சேர்ந்து, டிரான்ஸ்ஃபர் மேல் டிரான்ஸ்ஃபராகக் கொல்கத்தா வரை வந்து சேர்ந்திருக்கும் நான், கடந்த ஐந்து மாதமாக இரண்டாவது சனிக்கிழமையும் நான்காவது சனிக்கிழமையும் (வங்கிக்கு விடுமுறை என்பதை வங்கிக்காரர் அல்லாதவர்களுக்காகச் சொல்கிறேன்) இரவுச் சாப்பாட்டுக்கு அதே மாவுக்கஞ்சியைத்தான் செய்துகொண்டிருக்கிறேன். மிளகாய் கிடையாது, மிளகு கிடையாது, எலுமிச்சை கிடையாது. சமைப்பது எனக்காக அல்ல. அம்மாவுக்காக.

அம்மாவுக்கு வயது 71. அப்பா போனபிறகு ஊரில் தனியாக இருந்தார்கள். மனைவிக்குச் சென்னையில் வேலை, பையன் அங்கே பன்னிரண்டாம் வகுப்பு. அதனால் நான் மட்டும் கொல்கத்தா வந்தேன். "அவ பிள்ளையைப் பாத்துக்கிடுவா. இவன்தான் ஓட்டல்ல தின்னு வயித்தைக் கெடுத்துக்கிடுவான்" என்று சொல்லி, ஒரு அம்மிக்குழவி தவிர மற்ற எல்லாவற்றையும் மூட்டை கட்டிக்கொண்டு அம்மா என்னோடு வந்துவிட்டார்கள். மகனுக்குச் சமைத்துப் போட வந்தவர்கள் என்பதை இங்கே நினைவில் வைத்துக்கொள்ளுங்கள்.

முதல் வருடம் ராஜ வாழ்க்கை. எங்கள் வீட்டிலிருந்து லேக் மார்க்கெட் பக்கம். கறிவேப்பிலை, முருங்கைக்காய், வாழை இலை என்று நம் ஆட்களுக்கு வேண்டியது அங்கே கிடைக்கும். மீனுக்கு கரியாஹாட். அம்மாவுக்கு வங்காளம் ஒரு வார்த்தை தெரியாது. மீன்காரருக்குத் தமிழ் ஒரு வார்த்தை தெரியாது. ஆனால் செவுளைத் தூக்கிப் பார்த்து உதட்டைப் பிதுக்குவது எல்லா ஊருக்கும் பொதுவான மொழி. இரண்டே வாரத்தில் அந்த மீன்காரர் அம்மாவைக் கண்டால் மேலே கிடக்கும் மீனை ஒதுக்கிவிட்டு அடியில் இருப்பதை எடுத்துப் போட ஆரம்பித்துவிட்டார்.

பிறகு வாயில் எரிச்சல் ஆரம்பித்தது. முதலில் "சூடு" என்று மோர் குடித்தார்கள். பிறகு மணத்தக்காளிக் கீரை. பிறகு பி காம்ப்ளெக்ஸ். ஒரு மாதமாகியும் ஆறவில்லை. கன்னத்தின் உட்புறம் வெள்ளையாக வலைப்பின்னல் மாதிரி கோடுகள், நடுவில் சிவந்த புண். பல் டாக்டர் டார்ச் அடித்துப் பார்த்துவிட்டு, கொஞ்சம் சதை எடுத்துப் பரிசோதனைக்கு அனுப்பலாம் என்றார். ரிசல்ட் வர ஏழு நாள். அந்த ஏழு நாளும் நான் கடன் விண்ணப்பங்களில் கையெழுத்துப் போட்டேன், மீட்டிங்கில் உட்கார்ந்தேன், என்ன பேசினேன் என்று இன்றைக்கும் ஞாபகமில்லை. அம்மா ஒன்றும் கேட்கவில்லை. கேட்காததால்தான் அவர்களுக்கு எல்லாம் தெரியும் என்று எனக்குத் தெரிந்தது.

நாங்கள் பயந்தது இல்லை. லைக்கன் பிளானஸ் என்றார்கள். உடம்பின் எதிர்ப்பு சக்தியே வாயின் உள்தோலைத் தாக்குவதால் வருவதாம். ஒட்டுவாரொட்டி கிடையாது. நடுத்தர வயது தாண்டிய பெண்களுக்கு அதிகம் வரும். முழுதாகப் போகும் என்று சொல்ல முடியாது. சில மாதம் தணியும், சில மாதம் கிளம்பும். புண்ணின் மேல் தடவ ஸ்டீராய்டு ஜெல் கொடுத்தார்கள். அபூர்வமாகச் சிலருக்குப் பின்னால் வேறு மாதிரி மாற வாய்ப்பு உண்டு என்பதால் ஆறு மாதத்துக்கு ஒருமுறை காட்டச் சொன்னார்கள். நாங்கள் பெருமூச்சு விட்டு எழுந்தபோது டாக்டர் கடைசியாக ஒன்று சொன்னார். காரம் கூடாது, புளிப்பு கூடாது, மொறுமொறுப்பு கூடாது, கொதிக்கக் கொதிக்கச் சாப்பிடக் கூடாது.

ஒரு தூத்துக்குடிக்காரியிடம் இதைச் சொன்னால் மிச்சம் என்ன இருக்கிறது?

தயிர்சாதம் இருந்தது. (புளிக்காத தயிர்.) பால்சோறு, கஞ்சி, ஊறவைத்த இட்லி, பருப்பும் நெய்யும். பத்து நாள் சாப்பிட்டார்கள். பிறகு "பசிக்கல" ஆரம்பித்தது. 49 கிலோ இருந்தவர்கள் மூன்று மாதத்தில் 43. எடை மெஷின் பொய் சொல்வதாக அம்மா வாதாடினார்கள். ரவிக்கை தோளில் நிற்காமல் சரிவதைப் பார்க்க மெஷின் தேவையில்லை.

மீன் கொடுத்துப் பார்த்தோம். குழம்பில் மிளகாயையும் புளியையும் விட்டுவிட்டு, தேங்காயும் மஞ்சளும் மட்டும் போட்டு வைத்தேன். அம்மா ஒரு வாய் வைத்துவிட்டுத் தட்டைத் தள்ளி வைத்தார்கள். "எரியுதா?" என்றேன். "எரியலய்யா. இது எதுக்குன்னு இருக்கு." இறாலை வெறும் உப்பு, மஞ்சளோடு வதக்கிக் கொடுத்தேன். அதற்கும் அதே பதில். சொதி வைத்தேன். இஞ்சி, பச்சை மிளகாய், கடைசியில் பிழியும் எலுமிச்சை மூன்றும் இல்லாமல். "சொதிக்கு உசிரே அதுதான. அதை எடுத்துட்டு எனக்கு ஊத்துறியே" என்றார்கள்.

அன்று ராத்திரிதான் எனக்கு விஷயம் பிடிபட்டது. பிரச்சினை நாக்கில் மட்டும் இல்லை, கணக்கிலும் இருக்கிறது. ஐம்பது வருடமாகத் தன் கையால் வைத்த குழம்பு. அதில் ஒவ்வொன்றும் எவ்வளவு இருக்க வேண்டும் என்று நாக்குக்குத் தெரியும். மிளகாயை எடுத்துவிட்டுக் கொடுத்தால் நாக்கு முதலில் தேடுவது இல்லாத மிளகாயைத்தான். ஒவ்வொரு வாயிலும் "உனக்கு உடம்பு சரியில்லை" என்று அந்தக் குழம்பு ஞாபகப்படுத்துகிறது. எங்கள் பாஷையில் சொன்னால், பழைய கணக்கில் ஓப்பனிங் பேலன்ஸ் பெரிதாக இருக்கிறது. இன்று போடுவது எதுவாக இருந்தாலும் பற்றாக்குறைதான் காட்டும்.

அப்படியானால் புதுக் கணக்கு தொடங்க வேண்டியதுதான். அம்மா இதுவரை சாப்பிட்டே இராத ஒன்று. அதில் எது குறைகிறது என்று நாக்குக்குத் தெரியக் கூடாது. பிறவியிலேயே காரம் இல்லாததாக இருக்க வேண்டும். மென்மையாக இருக்க வேண்டும். இறாலும் இருக்க வேண்டும்.

இந்த யோசனை மனதில் ஓடிக்கொண்டிருந்த வாரத்தில் எங்கள் ஆபீசில் ஒருவருக்குப் பிரிவுபசாரம். பார்க் ஸ்ட்ரீட்டில் ஒரு ஓட்டல். எனக்கு முன்னால் வந்து உட்கார்ந்தது கிரீம் இறால் பாஸ்தா. சுற்றியிருந்தவர்கள் எல்லாரும் மிளகாய் விதைப் பாக்கெட்டைக் கிழித்துக் கொட்டிக்கொண்டிருக்க, நான் ஒன்றும் போடாமல் மெதுவாகச் சாப்பிட்டுப் பார்த்தேன். காரம் இல்லை. புளிப்பு இல்லை. கடிக்கச் சிரமமில்லை. டாக்டர் சொன்ன நான்கு விதியில் மூன்று ஓகே. சூட்டை ஆறவைத்துக்கொள்ளலாம்.

பாஸ்தா பற்றிப் படிக்க ஆரம்பித்தபோது ஒரு கதை கிடைத்தது. வெண்ணெயும் சீஸும் புரட்டிய ஃபெட்டுச்சினி ஆல்ஃப்ரெடோ என்று ஓட்டல்களில் பார்த்திருப்பீர்கள். ரோம் நகரத்தில் ஓட்டல் நடத்திய ஆல்ஃப்ரெடோ டி லெலியோ என்பவரின் பெயர் அது. பிரசவத்துக்குப் பிறகு சாப்பாடே இறங்காமல் கிடந்த தன் மனைவிக்காக 1908-ல் அதைச் செய்தார் என்று சொல்வார்கள். 1920-ல் தேனிலவுக்கு ரோம் போன ஹாலிவுட் நடிகர்கள் மேரி பிக்ஃபோர்டும் டக்ளஸ் ஃபேர்பேங்க்ஸும் அதைச் சாப்பிட்டு மயங்கி, அப்படியே அமெரிக்காவுக்குப் புகழ் பரவியது. கிரீம் சேர்ந்தது அமெரிக்காவில்தான். ரோமில் வெண்ணெயும் சீஸும் மட்டுமே. ஆக, இந்தச் சாப்பாட்டுக் குடும்பத்தின் பூர்வீகமே சாப்பிட முடியாமல் கிடந்த ஒருவருக்காக வீட்டு ஆள் செய்து கொடுத்ததுதான். ஓட்டல் பகட்டு எல்லாம் பின்னால் வந்தது. எனக்கு அது போதுமான சிபாரிசுக் கடிதமாக இருந்தது.

இனி செய்முறை. இரண்டு பேருக்கு.

பாஸ்தா 150 கிராம். டூரம் கோதுமை ரவையில் செய்தது என்று பாக்கெட்டில் போட்டிருக்க வேண்டும். டூரம் என்பது கெட்டியான, புரதம் அதிகமுள்ள கோதுமை. நம் நாட்டிலும் மத்தியப் பிரதேசத்தின் மால்வா பக்கம் விளைகிறது. மைதா பாஸ்தா சீக்கிரம் குழைந்து பசையாகிவிடும். வடிவத்தைப் பொறுத்தவரை எங்கள் வீட்டுக்கு ஃபெட்டுச்சினிதான், அதாவது நாடா மாதிரி இருப்பது. பென்னே என்ற குழாயின் விளிம்பு அம்மாவின் கன்னத்தில் உரசும். நாடாவை மூன்றாக ஒடித்துப் போட்டால் ஸ்பூனில் அடங்கும். (இத்தாலிக்காரர் யாராவது இதைப் படித்தால் மன்னிக்கவும். உங்கள் அம்மாவுக்கு வாய்ப்புண் வந்தால் நீங்களும் ஒடிப்பீர்கள்.)

இறால் 400 கிராம், தலையோடும் ஓட்டோடும். இங்கே கடல்நீரும் உப்புநீரும் சார்ந்தது பாக்தா சிங்ரி, நம்மூர்ப் புலி இறால். நீலக் கால் நீண்ட பெரிய நன்னீர் இறால் கோல்டா. பாஸ்தாவுக்கு நடுத்தர பாக்தா போதும். சுத்தம் செய்தால் பாதிதான் தேறும். அந்த மீதிப் பாதியைத் தூக்கிப் போடாதீர்கள். இந்தச் சாப்பாட்டின் ருசியே அந்தக் குப்பையில்தான் இருக்கிறது.

மற்றவை: வெண்ணெய் 30 கிராம், அமுல் ஃப்ரெஷ் கிரீம் ஒரு டம்ளர், பூண்டு நாலு பல், சின்ன வெங்காயம் ஐந்து, உப்பு.

முதலில் இறால் தலையையும் ஓட்டையும் கழுவி, பாதி வெண்ணெயில் போட்டு வதக்க வேண்டும். சாம்பல் நிறத்தில் இருக்கும் ஓடு கண்முன்னால் சிவக்கும். அந்தச் சிவப்பு முதலிலிருந்தே அதற்குள் இருப்பதுதான். ஒரு புரதத்தோடு ஒட்டிக்கொண்டு நீலச் சாம்பலாகத் தெரிகிறது. சூடு பட்டதும் புரதம் பிடியை விடுகிறது, நிறம் வெளியே வருகிறது. அது கொழுப்பில் கரையும் நிறம் என்பதால் வெண்ணெய் ஆரஞ்சாக மாறும். இப்போது இரண்டு டம்ளர் தண்ணீர் ஊற்றி, தலைகளைக் கரண்டியால் நசுக்கி, இருபது நிமிடம் சிம்மில் கொதிக்கவிட்டால் முக்கால் டம்ளராக வற்றும். வடிகட்டுங்கள். வடிகட்டியில் ஓட்டுத் துணுக்கு ஒன்று தப்பினாலும் புண்ணில் குத்தும் என்பதால் நான் அதன்மேல் ஒரு மெல்லிய துணியும் போட்டு வடிகட்டுவேன்.

இறாலின் முதுகைக் கீறிக் கறுப்புக் குடலை எடுத்துவிட்டு, ஒவ்வொன்றையும் மூன்று துண்டாக நறுக்க வேண்டும். ஓட்டலில் முழு இறால் வைப்பது படத்துக்காக. வாயை முழுதாகத் திறக்க முடியாதவர்களுக்குத் துண்டுதான் சௌகரியம்.

மீதி வெண்ணெயில் பூண்டையும் வெங்காயத்தையும் மிகச் சின்னத் தீயில் பத்து நிமிடம். நிறம் மாறக் கூடாது, பச்சை வாசனை போய்க் குழைந்துவிட வேண்டும். பூண்டு பச்சையாக இருந்தால் காரம். வெந்தால் இனிப்பு. அதிலேயே இறால் துண்டுகளைப் போட்டு இரண்டு நிமிடம். கண்ணாடி மாதிரி இருப்பது வெள்ளையாக மாறிய உடனே வெளியே எடுத்துத் தனியாக வைத்துவிடுங்கள். இன்னும் இரண்டு நிமிடம் விட்டால் ரப்பர். நம்மூர்த் தொக்கில் ரப்பரானாலும் மசாலா காப்பாற்றும். இங்கே காப்பாற்ற ஆளில்லை.

இன்னொரு அடுப்பில் பாஸ்தா. இத்தாலிய கணக்கு 100 கிராம் பாஸ்தாவுக்கு ஒரு லிட்டர் தண்ணீர், 10 கிராம் உப்பு. உப்பும் புண்ணில் எரியும் என்பதால் நான் பாதிதான் போடுகிறேன். நேரத்தில்தான் அவர்கள் கொள்கைக்கும் எங்கள் வீட்டுக்கும் நேரடி மோதல். பாஸ்தா பல்லில் லேசாகத் தட்டுப்பட வேண்டும், அதுதான் பதம் என்பது அவர்கள் விதி. அம்மாவுக்குத் தட்டுப்படவே கூடாது. பாக்கெட்டில் போட்டிருக்கும் நேரத்துக்கு மேல் மூன்று நிமிடம். வடிக்கும்போது ஒரு டம்ளர் கஞ்சியை எடுத்து வைக்க மறக்காதீர்கள். வடிகஞ்சியின் மதிப்பு தெரிந்தவர்கள் நாம். அதில் இருக்கும் மாவுச்சத்துதான் வெண்ணெயையும் தண்ணீரையும் பிரியாமல் கட்டிப் போடுகிறது.

இப்போது பூண்டு வாணலியில் இறால் சாற்றை ஊற்றிக் கொதி வந்ததும், தீயைக் குறைத்துக் கிரீம். அமுல் பாக்கெட் கிரீமில் கொழுப்பு 25 சதவீதம். வெளிநாட்டு வீடியோக்களில் ஊற்றுவது 35-க்கு மேல். அது தளதளவென்று கொதித்தாலும் தாங்கும். இது கொதித்தால் திரிந்து போகும் அபாயம் உண்டு. அதனால் கிரீம் ஊற்றியபின் ஓரத்தில் குமிழி வந்தால் போதும். பாஸ்தாவைப் போட்டுப் புரட்டி, இறாலைச் சேர்த்து, வடிகஞ்சி விட்டு, குழம்பு மாதிரி ஓடும் பதத்தில் இறக்க வேண்டும். கெட்டியாக இறக்காதீர்கள். நாங்கள் பத்து நிமிடம் ஆறவைத்துத்தான் சாப்பிடுகிறோம். அதற்குள் அது தானாக இறுகும்.

சீஸ்? கடல் மீன் பாஸ்தாவுக்குச் சீஸ் போடுவது இத்தாலியில் பொதுவாக வழக்கமில்லை. எங்கள் வீட்டிலும் அம்மா தட்டில் கிடையாது. என் தட்டில் மட்டும் கொஞ்சம் பேண்டல் சீஸ் உதிர்ப்பேன். நியூ மார்க்கெட்டில் கிடைக்கும். சின்ன வில்லைகளாக, வெள்ளையிலும் புகை போட்ட பழுப்பிலும் இருக்கும். உப்போ உப்பு. தண்ணீரில் ஊறவைத்துத்தான் தொட வேண்டும். பேண்டல் என்பது இங்கே ஹூக்ளி நதிக்கரையில் போர்ச்சுக்கீசியர் இருந்த இடம். 16-ஆம் நூற்றாண்டில் எங்கள் முத்துக்குளித்துறைக்கு வந்து இறங்கிய அதே ஆட்கள்தான். மிளகாயை அமெரிக்கக் கண்டத்திலிருந்து நம் நாட்டுக்குக் கொண்டுவந்து சேர்த்ததும் அவர்கள்தான். இதை அம்மாவிடம் சொன்னேன். "ம்மா, ஐநூறு வருசத்துக்கு முன்னால நம்ம ஊர்ல யாருக்கும் மிளகாய்னா என்னன்னே தெரியாது."

"அப்ப இறாலை எப்பிடித் தின்னுருப்பாவ?"

"மிளகு போட்டுத்தான்."

"அதையும் உங்க டாக்டரு வேண்டாம்னுட்டானே" என்றார்கள். பதில் சொல்ல முடியவில்லை.

முதல் சனிக்கிழமைக்கு வருகிறேன். நான் சமைக்கும்போது அம்மா அடுப்படி வாசலில் நாற்காலி போட்டு உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருந்தார்கள். இறால் தலையை வெண்ணெயில் வதக்கும்வரை முகத்தில் ஒரு ஈடுபாடும் இல்லை. வாசனை கிளம்பியதும் "மூடி வை, வாசம் போயிரும்" என்று முதல் உத்தரவு வந்தது. எழுந்து வந்து வடிகட்டிய சாற்றை எட்டிப் பார்த்தார்கள். "இம்புட்டும் ஓட்டுல இருந்தா? நாம ஆயுசுக்கும் இதைக் கோழிக்கில்லா போட்டுருக்கோம்."

ஆறவைத்துத் தட்டில் போட்டுக் கொடுத்தேன். எனக்கும் அதையே போட்டுக்கொண்டேன். எனக்குத் தனியாகக் காரம் சேர்த்தால் அவர்களுடையது பத்தியச் சாப்பாடாகிவிடும். (மிளகு நான் போட்டுக்கொள்ள ஆரம்பித்தது நாலாவது தடவையிலிருந்து. அதுவும் அம்மாவே டப்பாவை என் பக்கம் நகர்த்திய பிறகு.)

முதல் வாய். நான் பார்க்காத மாதிரி பார்த்துக்கொண்டிருந்தேன். மென்றார்கள். விழுங்கினார்கள். எரிகிறதா என்று நாக்கால் கன்னத்தைத் தடவிப் பார்த்துக்கொண்டார்கள். இரண்டாவது வாய். மூன்றாவதில் ஸ்பூனை வைத்துவிட்டுக் கையால் பிசைய ஆரம்பித்தார்கள்.

"என்னம்மா?"

"இது சொதில்லா."

"என்னது?"

"இடியாப்பத்துக்கு இறால் சொதி ஊத்துன மாதிரி இருக்கு. தேங்காப்பாலுக்குப் பதிலு மாட்டுப்பாலு. இதைப் போயி என்னமோ வெளிநாட்டுச் சாப்பாடுன்ன."

நான் வைத்த உண்மையான சொதியைத் தள்ளி வைத்த அதே அம்மா! அந்தச் சொதியில் இஞ்சி எங்கே என்று தேடினார்கள். இந்தப் பாஸ்தாவில் எதையும் தேடவில்லை, சொதியைக் கண்டுபிடித்தார்கள். இருக்க வேண்டியது இல்லாமல் போவதற்கும், எதிர்பாராதது வந்து நிற்பதற்கும் இவ்வளவு வித்தியாசம் இருக்கிறது. தட்டில் பாதிக்கு மேல் போனது. அன்று "பசிக்கல" இல்லை.

இன்னொன்றும் கவனித்தேன். மிளகாயும் புளியும் இல்லாதபோது இறாலின் ருசி தனியாக வந்து நிற்கிறது. லேசான இனிப்பு, கொஞ்சம் கடல். அம்மா மென்றுகொண்டே, "இது நேத்துப் பிடிச்ச இறாலு இல்ல. ரெண்டு நாளு ஐஸ்ல கிடந்துருக்கு. அவன்கிட்டச் சொல்லி வை" என்றார்கள். மறுவாரம் மீன்காரரிடம் எனக்குத் தெரிந்த அரைகுறை வங்காளத்தில் சொன்னேன். அவர் "மாஷிமா எங்கே, ஏன் வருவதில்லை" என்று கேட்டார். மாஷிமா என்றால் பெரியம்மா, சித்தி மாதிரி மரியாதையாகக் கூப்பிடுவது. வந்து சொன்னேன். அடுத்த சனிக்கிழமை மாஷிமா பையைத் தூக்கிக்கொண்டு நேரில் புறப்பட்டுவிட்டார்கள். மூன்று மாதத்துக்குப் பிறகு மார்க்கெட்டுக்குள் காலடி.

அன்று இறால் சரியில்லை என்று அம்மா உதட்டைப் பிதுக்க, பேட்கி வாங்கினோம். நம்மூர்க் கொடுவா. இங்கே முள் நீக்கிச் சதையை மட்டும் தனியாக வெட்டித் தருவார்கள். தரையில் பலகையில் நிற்கும் பெரிய அரிவாள்மனை மாதிரி ஒன்றில் வைத்து அவர்கள் சதை பிரிப்பதைப் பார்க்கவே அம்மா கால்மணி நேரம் நின்றார்கள். முள்ளைக் கேட்டு வாங்கினால் அதிலும் சாறு எடுக்கலாம். பேட்கி பாஸ்தா இறாலைவிட மென்மை. கிளறாமல் மேலே வைத்து மூடிவிட்டால் உடையாது. ஆனால் ருசியில் இறாலுக்குத்தான் முதலிடம் என்பது மாஷிமாவின் தீர்ப்பு.

கணக்கு இல்லாமல் ஒரு வங்கிக்காரன் பதிவு முடிக்க முடியாது. இறால் 300 ரூபாய், பாஸ்தா 50, கிரீம், வெண்ணெய், பூண்டு எல்லாம் சேர்த்து 90. இரண்டு பேருக்கு மொத்தம் 440 ரூபாய்க்குள் முடிகிறது. பார்க் ஸ்ட்ரீட்டில் ஒரு தட்டுக்கே இதைவிட அதிகம் கேட்பார்கள். தவிர, அங்கே ஓட்டில் சாறு எடுத்த மாதிரியும் தெரியவில்லை.

எடைக் கணக்கும் சொல்லிவிடுகிறேன். 43-லிருந்து இப்போது 46. மாதம் இரண்டு தடவை பாஸ்தா சாப்பிட்டதால் மூன்று கிலோ ஏறிவிட்டது என்று நான் சொல்லமாட்டேன். ஜெல் வேலை செய்தது. அதோடு, சாப்பாடு என்பது இனிமேல் தண்டனை மட்டும்தான் என்ற எண்ணம் உடைந்தது. பாஸ்தாவுக்குப் பிறகு மற்ற நாட்களிலும் புது அயிட்டங்கள் சேர்ந்துவிட்டன. உருளைக்கிழங்கை மசித்து வெண்ணெய், முட்டையை அடித்துப் பாலோடு வேகவைத்தது, வெள்ளைப் பூசணி சூப். எல்லாம் புதுக் கணக்கு. பழைய குழம்புகளின் பக்கம் நாங்கள் போவதில்லை. அவற்றை நோய் தணிந்திருக்கும் மாதத்துக்கென்று வைத்திருக்கிறோம்.

நோய் போய்விடவில்லை. போன மாதம் மறுபடியும் கிளம்பியது. அப்போது ஃபெட்டுச்சினியைக்கூட விட்டுவிட்டு, அதே கிரீமில் சேமியா மாதிரி மெல்லியதை வேகவைத்துக் கொடுத்தேன். இறாலை மிக்ஸியில் ஒரு சுற்று. அது பாஸ்தா என்று இத்தாலியில் ஒப்புக்கொள்ளமாட்டார்கள். அம்மா ஒப்புக்கொண்டார்கள்.

உங்கள் வீட்டிலும் இப்படிக் காரம் ஒதுக்க வேண்டிய பெரியவர்கள் இருக்கலாம். வாய்ப்புண், கதிர்வீச்சு சிகிச்சை முடிந்தவர்கள், புதிதாகப் பல்செட் கட்டியவர்கள். அவர்களுக்குப் பிடித்ததையே காரம் எடுத்துக் கொடுத்துப் பார்த்திருப்பீர்கள். அது இறங்கவில்லை என்றால், அவர்களுக்குத் தெரியாததாக ஒன்றைக் கொடுத்துப் பாருங்கள். இன்னொன்று, ரொம்ப முக்கியம். வாயில் எந்தப் புண்ணாக இருந்தாலும் இரண்டு மூன்று வாரத்தில் ஆறவில்லை என்றால் மணத்தக்காளியை நம்பி உட்காராமல் டாக்டரிடம் காட்டிவிடுங்கள்.

போன ஞாயிற்றுக்கிழமை ஊரிலிருந்து சித்தி போன் செய்தார்கள். "அக்கா, அங்க என்னத்த திங்கிற, பத்தியந்தானா?" என்று கேட்பது ஸ்பீக்கரில் எனக்கும் கேட்டது.

அம்மா சொன்னார்கள்: "எனக்கென்னட்டி குறை. பய இறால் சொதி வைக்கான். ஓட்டை மட்டும் கோழிக்குப் போட்டுறாத, வெண்ணெயில வதக்கிச் சாறு எடு. எப்பிடின்னு சொல்லுதேன், எழுதிக்க."

அப்புறம் இருபது நிமிடம் அந்தச் செய்முறை போனில் போய்க்கொண்டிருந்தது. கிரீம் என்ற இடம் வரும்போது மட்டும் தேங்காய்ப்பால் ஆகிவிட்டது. பச்சை மிளகாய் நாலு என்றும் சேர்ந்துவிட்டது. சித்திக்கு வாய்ப்புண் இல்லையே.